பிரெஞ்சுக்கு மிக நெருங்கிய சொந்தம் யார்? இத்தாலியனா, ஸ்பானிஷா?

கோவை மாணவி:

எல்லோருக்கும் வணக்கம். ஆறு மாதமாகப் பிரெஞ்சு படிக்கிறேன். என் தோழி ஸ்பானிஷ் படிக்கிறாள். இரண்டும் லத்தீன் பெற்ற பிள்ளைகள், அக்கா தங்கை மாதிரி என்று வகுப்பில் சொன்னார்கள். சொற்களை ஒப்பிட்டுப் போட்ட ஒரு கணக்கில் பிரெஞ்சுக்கும் இத்தாலியனுக்கும் 89 சதவீதம் ஒற்றுமை, ஸ்பானிஷுடன் 75 என்று பார்த்தேன். அப்போது இத்தாலியன்தான் கூடப்பிறந்தது என்று நோட்டில் மரம் வரைந்து வைத்தேன்.

தண்ணீரில் வந்து மாட்டிக்கொண்டேன். லத்தீனில் அக்வா. இத்தாலியனில் அக்குவா, ஸ்பானிஷில் அகுவா, போர்ச்சுகீசியத்திலும் ஏறக்குறைய அதுவே. பிரெஞ்சில் மட்டும் வெறும் "ஓ". மூன்று எழுத்து எழுதுகிறோம், வாயில் வருவது ஒரே உயிர். இவ்வளவு தேய்ந்த ஒன்று எப்படி அக்குவாவின் தங்கை ஆகும்? நடுவில் யாரையாவது விட்டுவிட்டேனா? தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

புதுவை ஆசிரியர்:

சரியான இடத்தில்தான் மாட்டியிருக்கிறீர்கள், அம்மா. நடுவில் நிறையப் பேர் விட்டுப்போயிருக்கிறார்கள். நான் புதுச்சேரியில் பல வருடம் பிரெஞ்சு சொல்லிக்கொடுத்தவன். எங்கள் பாடப்புத்தகங்களிலும் அவர்கள் இல்லை. அதனால் பொறுமையாகவே எழுதுகிறேன்.

உங்கள் மரத்தில் கிளை நுனியில் எல்லாம் ஒரு நாட்டின் பெயர் தொங்குகிறது: இத்தாலி, ஸ்பெயின், போர்ச்சுகல், பிரான்ஸ். மொழிகள் அப்படிப் பிரியவில்லை. ரோமானியப் படைவீரனும் வியாபாரியும் பேசிய லத்தீன் ஊர் ஊராகத் தங்கி, ஊருக்கு ஊர் கொஞ்சம் கொஞ்சமாக மாறியது. பேச்சு எந்தப் பக்கம் போகிறது என்பதற்குச் சாட்சி உண்டு. "அப்பெண்டிக்ஸ் புரோபி" என்று ஒரு பழைய பட்டியல். இப்படிச் சொல், அப்படிச் சொல்லாதே என்று ஒரு வாத்தியார் 227 வரி எழுதியிருக்கிறார். காதுக்கு "அவுரிஸ்" என்று சொல், "ஒரிக்லா" என்று சொல்லாதே என்கிறார். இன்றைய பிரெஞ்சுக் காது, "ஒரேய்", அவர் திட்டிய ஒரிக்லாவின் பிள்ளை. வாத்தியார் தோற்றார், தெரு ஜெயித்தது.

813இல் பிரான்சின் தூர் நகரில் கூடிய கிறிஸ்தவ ஆயர்கள், பிரசங்கத்தை மக்களின் "நாட்டுப்புற ரோமானியப் பேச்சில்" சொல்லுங்கள் என்று தீர்மானம் போட்டார்கள். கோயிலில் ஓதும் லத்தீன் ஜனங்களுக்குப் புரியவில்லை என்று அர்த்தம். அடுத்து 842 பிப்ரவரி 14, ஸ்ட்ராஸ்பூர். பேரரசர் சார்லமேனின் பேரன்கள் லூயி, சார்ல்ஸ் இரண்டு பேர் மூன்றாவது சகோதரனுக்கு எதிராகச் சத்தியம் செய்துகொண்டார்கள். ஜெர்மன் பக்கத்து லூயி, எதிரே நிற்கும் படைக்குப் புரியவேண்டும் என்று ரோமானியப் பேச்சில் சத்தியம் செய்தார். சார்ல்ஸ் ஜெர்மானியப் பேச்சில் செய்தார். பிரெஞ்சின் முதல் எழுத்துச் சான்று அந்தச் சத்தியம்தான்.

இப்போது உங்கள் தண்ணீர். வடக்கு பிரான்சில் அக்வாவின் நடு மெய் இளகி, பழைய பிரெஞ்சில் "எவ", "எவெ", "இயாவெ" என்றெல்லாம் எழுதினார்கள். கடைசியில் உயிர்கள் மூன்றும் ஒன்றோடொன்று ஒட்டி "ஓ" ஆகிவிட்டது. நடுவில் இருந்த "எவ" முழுக்கச் சாகவில்லை. பிரெஞ்சு வீட்டுச் சமையலறையில் பாத்திரம் கழுவும் தொட்டிக்குப் பெயர் "எவியே". தண்ணீர்த் தொட்டி என்றுதான் பொருள். தினமும் அதில் தட்டு கழுவுகிறவர்களுக்கு அது தெரியாது.

சரி, கூடப்பிறந்தவர்களுக்கு வருகிறேன். பெல்ஜியத்தின் தெற்கே பேசும் வலோனில் தண்ணீர் "ஐவ்". வடக்கே பிக்கார் மொழியில் "யோ". தெற்கே ஆக்சித்தானில் "ஐகா". பிக்கார், வலோன், நார்மன், கால்லோ, பர்கண்டி பக்கத்துப் பேச்சு, புவாத்து பக்கத்துப் பேச்சு, இவற்றோடு பாரிஸ் சுற்றுவட்டாரப் பேச்சு. இவை எல்லாம் ஒரே தாய் வயிற்றுப் பிள்ளைகள். "ஆம்" என்பதற்கு "ஓயில்" என்றதால் ஓயில் மொழிகள் என்று பெயர். தெற்கே "ஆம்" என்பதற்கு "ஓக்". இத்தாலியக் கவிஞர் தாந்தே அந்தக் காலத்திலேயே ஓக், ஓயில், இத்தாலியனின் "ஆம்" ஆன சி என்று மூன்றாகப் பிரித்துவிட்டார். பாரிஸ் பிரெஞ்சின் உடன்பிறப்புகள் இவை. ஆக்சித்தான் பெரியப்பா வீடு. இத்தாலியன் அதற்கும் அடுத்த தெரு.

லீல் வாசி:

ஐயா எழுதினதை வாசிக்க எனக்கு மெய் சிலிர்த்துப் போச்சு. நான் ஈழத்திலிருந்து வந்து வடக்கு பிரான்சில் லீல் பக்கத்தில் இருக்கிறேன். ஒரு முதியோர் இல்லத்தில் வேலை. வந்த புதிதில் பிரெஞ்சு வகுப்பில் நல்ல புள்ளி எடுத்தும், இங்கே சில வயதானவர்கள் தங்களுக்குள் கதைப்பது ஒன்றும் விளங்கவில்லை. எனக்குத்தான் மொழி வரவில்லை என்று நினைத்து இரவில் அழுதிருக்கிறேன்.

ஒரு நாள் ஓர் ஐயா ஜன்னலுக்கு வெளியே கைகாட்டி "கா, கா" என்றார். காகம் ஒன்றும் இல்லை. மதிலில் பூனை இருந்தது. பிரெஞ்சில் பூனை "ஷா" அல்லவா? அவருக்கு அது "கா". பிறகு கவனித்துக்கொண்டு வந்தேன். பசு பிரெஞ்சில் "வாஷ்", அவருக்கு "வாக்". கால் "ஜாம்ப்", அவருக்கு "காம்ப்". தோட்டம் "ஜார்தான்", அவருக்கு "கார்தான்". பிழையாகக் கதைக்கிறார் என்று நினைத்தது போய், இதற்கென்று ஒரு ஒழுங்கு இருக்கிறது என்று பிடிபட்டது.

என்ன மொழி இது என்று கேட்டேன். "அது மொழி இல்லை, பத்துவா" என்று சொல்லிவிட்டுத் தலையைத் திருப்பிக்கொண்டார். பத்துவா என்றால் நாட்டுப்புறப் பேச்சு, இளக்காரமாகச் சொல்வது.

சொல்வேட்டை:

ஆசிரியர் ஐயாவிடம் மரியாதையோடு ஒரு கேள்வி. பிக்கார், நார்மன் எல்லாம் வட்டார வழக்குதானே? கொங்குத் தமிழ், நெல்லைத் தமிழ் இருக்கிறது. நாம் அவற்றைத் தனி மொழி என்கிறோமா? ஒவ்வொரு ஊர்ப் பேச்சையும் மரத்தில் தனிக் கிளையாக வரைந்தால் எந்த மரமும் தாங்காது. அந்த லீல் ஐயாவே அது மொழி இல்லை என்கிறாரே.

புதுவை ஆசிரியர்:

தம்பி, கேட்க வேண்டிய கேள்விதான். கொங்குக்காரரும் நெல்லைக்காரரும் சின்ன வயதிலிருந்து ஒரே எழுத்துத் தமிழைப் படிக்கிறார்கள். அந்தப் பொதுக் கூரை ஒரு ஊரின் பேச்சை மட்டும் எடுத்து மற்றவர் தலையில் வைத்தது அல்ல. பிரான்சில் நடந்தது வேறு. 12, 13ஆம் நூற்றாண்டுகளில் வடக்கே பிக்கார் பேசிய ஆராஸ் பெரிய வணிக நகரம். ஜான் போதெல், ஆதாம் த லா ஆல் போன்ற கவிஞர்கள் அங்கே எழுதினார்கள், பிக்கார் சாயலோடு. அன்றைக்குப் பாரிஸ் பேச்சு பலவற்றில் ஒன்று. ராஜா உட்கார்ந்த ஊர் என்பதால் அது மேலே ஏறியது.

"வாக்" என்பது "வாஷ்" கெட்டுப்போய் வந்தது அல்ல என்பதைக் கொஞ்சம் பாருங்கள். லத்தீனில் பசு "வக்கா". அந்தக் ககரத்தைப் பிக்காரும் வடக்கு நார்மனும் அப்படியே காப்பாற்றின, பாரிஸ்தான் மாற்றியது. 1066இல் நார்மன்கள் இங்கிலாந்துக்குப் போனபோது இந்த வடக்குப் பேச்சைத்தான் கொண்டுபோனார்கள். கோட்டைக்கு ஆங்கிலத்தில் "காஸில்", பிரெஞ்சில் "ஷாத்தோ". தோட்டம் ஆங்கிலத்தில் "கார்டன்", லீல் ஐயாவுக்கு "கார்தான்", பாரிஸில் "ஜார்தான்". போர் என்பது ஆங்கிலத்தில் "வார்", பிரெஞ்சில் "கேர்". அந்த முதியவரின் சொல் அவமானப்பட்டு அறைக்குள் ஒளிந்திருக்க, அதே சொல்லை உலகமே ஆங்கிலம் என்று பேசுகிறது.

அவர் ஏன் தலையைத் திருப்பினார் என்பதற்கும் கதை உண்டு. 1539இல் மன்னர் முதலாம் பிரான்சுவா வில்லேர்-கோத்ரேயில் போட்ட ஆணை, நீதிமன்ற எழுத்து லத்தீனில் வேண்டாம், பிரெஞ்சில் இருக்கட்டும் என்றது. 1794இல் பாதிரியார் கிரெகுவார் புரட்சி அரசுக்கு அறிக்கை கொடுத்தார்: குறைந்தது 60 லட்சம் பேருக்குப் பிரெஞ்சே தெரியாது, அதே அளவு பேரால் தொடர்ந்து நாலு வார்த்தை பேச முடியாது, சுத்தமாகப் பேசுகிறவர்கள் 30 லட்சத்துக்கு மேல் இல்லை. அறிக்கையின் தலைப்பிலேயே "பத்துவாக்களை ஒழிப்பது" என்று இருந்தது. பிறகு பள்ளிக்கூடம் வந்தது. மேற்கு மூலையின் பிரெத்தோனோ தெற்கின் ஆக்சித்தானோ பேசி மாட்டிய பிள்ளையின் கழுத்தில் மரச்செருப்பு மாதிரி ஒன்றைத் தொங்கவிடுவார்கள். அடுத்துப் பேசுகிறவனைக் காட்டிக்கொடுத்தால் அவன் கழுத்துக்குப் போகும். சாயங்காலம் யாரிடம் இருக்கிறதோ அவனுக்குத் தண்டனை.

எனக்கு மனம் ஆறாத இடம் ஒன்று உண்டு. 1951இல் ஒரு சட்டம் வட்டார மொழிகளைப் பள்ளியில் சொல்லிக்கொடுக்க முதல்முறை இடம் கொடுத்தது. பிரெத்தோன், பாஸ்க், கத்தலான், ஆக்சித்தான் என்று நான்குக்கு மட்டும். ஓயில் மொழி ஒன்றுகூட இல்லை. பிரெஞ்சுக்கு மிகவும் பக்கத்தில் இருந்ததால் அவை மொழிக் கணக்கிலேயே வரவில்லை. சம்பந்தமே இல்லாத பாஸ்குக்கு இடம் கிடைத்தது, கூடப்பிறந்தவனுக்குக் கிடைக்கவில்லை. 1999இல்தான் மொழியியலாளர் செர்க்கிலினி அரசுக்குக் கொடுத்த 75 மொழிப் பட்டியலில் பிக்காரும் நார்மனும் கால்லோவும் தனித்தனி மொழிகளாக ஏறின. பெல்ஜியத்தில் வலோனுக்கும் பிக்காருக்கும் 1990லேயே அங்கீகாரம் வந்துவிட்டது. பிரான்சின் பள்ளிக்கூடத்துக்குள் பிக்கார் நுழைய 2021 டிசம்பர் ஆனது.

சொல்வேட்டை:

விளங்குகிறது ஐயா. மகள் இல்லை, அக்கா தங்கை. இந்த வித்தியாசத்தை நான் யோசிக்கவில்லை.

தேன்கூடு:

எனக்கு மரத்தின் மேலேயே சந்தேகம். மொழிக்கு மரம் வரைந்து பிரபலமாக்கியவர் ஜெர்மன் மொழியியலாளர் ஷ்லைகர், 19ஆம் நூற்றாண்டின் நடுவில். அவரிடம் படித்த யொஹான்னஸ் ஷ்மிட்டே 1872இல் மரம் போதாது என்றார். குளத்தில் கல் போட்டால் அலை பரவுகிற மாதிரி மாற்றங்கள் ஊர் ஊராகப் பரவும், ஒன்றன்மேல் ஒன்று படியும் என்றார். மேலே சொன்ன ககரம் எதுவரை நிற்கிறது என்று வரைபடத்தில் ஒரு கோடு போட்டுப் பாருங்கள். அது நார்மன் நாட்டையே குறுக்கே வெட்டிக்கொண்டு போகிறது. வடக்கே "வாக்", தெற்கே பாரிஸ் மாதிரி. ஒரே கிளைக்குள் அலை புகுந்து பாதியை நனைத்திருக்கிறது.

இதற்குக் கண்ணால் பார்க்கக்கூடிய சான்று பிரான்சில்தான் இருக்கிறது. ஜூல் கில்லியேரோன் என்ற ஸ்விஸ்காரர் பிரான்சின் மொழி வரைபடம் போட நினைத்தார். ஊர் ஊராகப் போய்க் கேட்க அவர் தேர்ந்தெடுத்தது பேராசிரியரை அல்ல, எத்மோன் எத்மோன் (பேரும் குடும்பப் பேரும் ஒரே ஒலி) என்கிற மளிகைக்கடைக்காரரை. அவரும் பிக்கார் பேசும் ஊர்க்காரர்தான். காது அவ்வளவு கூர்மை. 1897 முதல் 1901 வரை 639 இடங்களுக்குப் போய், கேட்டது கேட்டபடி எழுதிக்கொண்டு வந்தார். 1902இலிருந்து வரைபடங்கள் தொகுதி தொகுதியாக வெளிவந்தன.

அதில் தேனீயின் வரைபடத்தை மட்டும் எடுத்துக்கொள்ளுங்கள். லத்தீனில் "ஆப்பிஸ்". வடக்கே அது தேய்ந்து தேய்ந்து சில இடங்களில் வெறும் "ஏ" என்று ஒற்றை உயிராகிவிட்டது, உங்கள் தண்ணீர் மாதிரியே. ஒற்றை உயிரை வைத்துக்கொண்டு எப்படிப் பேசுவது? பக்கத்துச் சொல்லோடு ஒட்டிக்கொண்டு தொலைந்துபோகும். ஜனங்கள் வேறு வழி தேடினார்கள். சில ஊர்களில் "அவெத்", பல ஊர்களில் "மூஷ் ஆ மியேல்". அதற்குப் பொருள் தேன் ஈ. நம் தேனீ எப்படிக் கட்டினதோ அச்சு அசல் அதே கட்டு. முதன்முதலில் பார்த்தபோது வரைபடத்தை மூடவே மனம் வரவில்லை எனக்கு.

பாரிஸ் என்ன செய்தது? தெற்கே ஆக்சித்தான்காரர்கள் வைத்திருந்த "அபேலோ"வைக் கடன் வாங்கி "அபேய்" ஆக்கிக்கொண்டது. மரத்தில் பார்த்தால் பிரெஞ்சு "அபேய்" லத்தீனிலிருந்து நேராக இறங்கின மாதிரி தெரியும். உண்மையில் பெரியப்பா வீட்டிலிருந்து வந்தது.

கோவை மாணவி:

படிக்கப் படிக்க ஆசையாக இருக்கிறது. ஐயா, அந்த 89 சதவீதக் கணக்கு பொய்யா? அப்புறம் ருமேனியன், பிரெத்தோன், பாஸ்க் இதெல்லாம் எங்கே வரும்?

புதுவை ஆசிரியர்:

கணக்கு பொய் இல்லை, அம்மா. சொல்லை மட்டும் எண்ணினால் அப்படி வரும். அதில் பிற்காலத்தில் படித்தவர்கள் லத்தீனிலிருந்து நேரே தூக்கிய சொற்களும் சேர்ந்திருக்கின்றன, இரண்டு பக்கமும் ஒரே கடையில் வாங்கிய சரக்கு. இலக்கணத்தைப் பாருங்கள். ஸ்பானிஷ்காரர் "நான்" என்று சொல்லாமலே "ஆப்லோ" என்றால் "பேசுகிறேன்" என்று தெரிந்துவிடும். பிரெஞ்சில் விகுதிகள் வாயில் கரைந்துபோனதால் "ஜெ பார்ல்" என்று எழுவாயை வைத்தே தீரவேண்டும். இத்தாலியன் என்று நாம் படிப்பது தொஸ்கானாப் பேச்சு. அதைவிட வடக்கே டூரின் நகரப் பக்கத்துப் பியெமொந்து பேச்சு பிரெஞ்சுக்கு நெருக்கம். உதடு குவித்துச் சொல்லும் அந்த பிரெஞ்சு "ஊ" அங்கேயும் இருக்கிறது. லியோனிலிருந்து ஜெனீவா, இத்தாலியின் அவோஸ்தா பள்ளத்தாக்கு வரை, ஓயிலும் இல்லாமல் ஓக்கும் இல்லாமல் இன்னொரு மொழி. அஸ்கோலி என்ற இத்தாலியர் 1870களில் அதைத் தனியாக அடையாளம் கண்டு பிராங்கோ-புரொவென்சால் என்று பெயர் வைத்தார்.

ருமேனியன் லத்தீன் வீட்டுப் பெண்தான், கிழக்கே தூரத்தில் வாழ்க்கைப்பட்டவள். அங்கே தண்ணீர் "ஆப்பெ". பிரெத்தோன் கெல்ட் மொழி, பிரிட்டனிலிருந்து கடல் தாண்டி வந்தது. ரோமானியர் வருமுன் பிரான்சில் இருந்த பழைய காலியர்கள் பேசியதின் எச்சம் அல்ல. காலியப் பேச்சு ஆடு, கருவாலி, கலப்பை போன்ற சில சொற்களைப் பிரெஞ்சில் விட்டுவிட்டு மறைந்தது. பாஸ்குக்கு உலகத்தில் யாரும் சொந்தம் இல்லை. பிரான்ஸ் என்ற பெயரே பிராங்குகள் என்ற ஜெர்மானியக் கூட்டத்துடையது. அவர்கள் பேரைக் கொடுத்து, போர், வெட்கம், நீலம் போன்ற சொற்களையும் கொடுத்து, தங்கள் மொழியை விட்டுவிட்டார்கள்.

ரெயூனியன் பேத்தி:

வணக்கம். நான் இந்தியப் பெருங்கடலில் பிரான்சைச் சேர்ந்த ரெயூனியன் தீவு. என் முன்னோர் 19ஆம் நூற்றாண்டில் கரும்புத் தோட்டத்துக்குக் கூலி ஒப்பந்தத்தில் வந்தவர்கள். எங்கள் வீட்டில் தமிழ் கோயிலோடு நின்றுபோனது. நான் வளர்ந்த பிறகு படித்துக்கொண்டேன், தவறிருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள்.

இவ்வளவு பேர் எழுதினீர்கள், எங்கள் தீவில் பேசும் கிரியோல் மொழியை யாரும் சொல்லவில்லை. எங்களுக்குத் தண்ணீர் "தோலோ". பிரெஞ்சில் "த லோ", கொஞ்சம் தண்ணீர் என்பது. அதை ஒரே சொல்லாக எடுத்துக்கொண்டோம். பறவை "ஸ்வாசோ", பிரெஞ்சுப் பன்மையின் வால் முன்னாலேயே ஒட்டிக்கொண்டது. மொரீஷியஸிலும் ஹெய்த்தியிலும்கூடப் பறவைக்கு இதே சொல். அக்வா, எவ, ஓ, தோலோ என்று வரிசையாக எழுதிப் பார்த்தேன். தேய்ந்து ஒற்றை உயிரான சொல்லுக்கு எங்கள் ஆட்கள் மறுபடி உடம்பு கொடுத்திருக்கிறார்கள். தேனீயின் கதையே இங்கேயும்.

எங்கள் சாப்பாட்டில் தக்காளி, மிளகாய், இஞ்சி இடித்துச் செய்யும் "ருகாய்" உண்டு. அது ஊறுகாய் என்ற சொல்தான் என்று தெரிந்த நாளில் பாட்டியிடம் ஓடிப்போய்ச் சொன்னேன்.

தேன்கூடு:

அருமை, அக்கா. ஆனால் கிரியோலைப் பிரெஞ்சின் மகள் என்று மட்டும் வரைவதை நான் ஒத்துக்கொள்ள மாட்டேன். மடகாஸ்கர், ஆப்பிரிக்கா, இந்தியா என்று பல இடங்களிலிருந்து அடிமைகளாகவும் கூலிகளாகவும் வந்தவர்கள் சேர்ந்து கட்டிய மொழி. ஒரு கோடு போட்டால் அவர்கள் காணாமல் போவார்கள்.

புதுவை ஆசிரியர்:

எனக்கு இதில் கொஞ்சம் வேறுபாடு உண்டு, தம்பி. சொற்கள் பெரும்பாலும் பிரெஞ்சு. அந்தப் பிரெஞ்சும் பள்ளிக்கூடப் பிரெஞ்சு அல்ல, மாலுமிகளும் குடியேறியவர்களும் பேசியது. பலரும் மேற்கு பிரான்சுக்காரர்கள். அதனால் கோடு வேண்டும். பக்கத்தில் இன்னும் நாலு கோடு சேர்த்துப் போடுங்கள் என்றால் சம்மதம்.

ரெயூனியன் பேத்தி:

நாலும் போடுங்கள். எங்களில் யாரையும் விட வேண்டாம்.

புதுவை ஆசிரியர்:

தூரத்துச் சொந்தம் ஒன்றைச் சொல்லி முடிக்கிறேன், இது எங்கள் ஊர் சம்பந்தப்பட்டது. கேர்து என்று ஒரு பிரெஞ்சு ஏசு சபைப் பாதிரியார். 1732இல் தென்னிந்தியாவுக்கு வந்து, 1779இல் புதுச்சேரியிலேயே காலமானார். சமஸ்கிருதத்தில் "தானம்", லத்தீனில் "தோனும்". இங்கே "விதவை", அங்கே "விதுவா" என்று வரிசையாக எழுதி, இவை ஒரே மூலத்திலிருந்து வந்திருக்கவேண்டும் என்று 1767இல் பாரிஸ் கல்விக்கழகத்துக்கு அனுப்பினார். அச்சில் வந்தது 1808இல். அதற்குள் கல்கத்தாவில் வில்லியம் ஜோன்ஸ் 1786இல் இதே கருத்தைப் பேசியது உலகமெங்கும் பரவிவிட்டது. எங்கள் கடற்கரையில் உட்கார்ந்து முதலில் கண்டவரை யாருக்கும் நினைவில்லை.

மாணவிக்கு ஒரு சின்னப் பரிசு. பிரெஞ்சில் "நேஃப்" என்றால் ஒன்பது, "நேஃப்" என்றால் புதியது. சமஸ்கிருத "நவ"வுக்கும் இந்த இரண்டு பொருளும் உண்டு. நவக்கிரகத்தில் ஒன்பது, நவீனத்தில் புதுமை. லத்தீனில் இவை "நோவெம்", "நோவுஸ்" என்று இரண்டாக இருந்தன. பிரெஞ்சில் கடைசி அசைகள் உதிர்ந்ததும் ஒன்றாகிவிட்டன.

லீல் வாசி:

இன்று வேலைக்குப் போனதும் அந்த ஐயாவிடம் ஒரு கோப்பை தண்ணீர் கொடுத்துவிட்டு, இதற்கு உங்கள் அம்மா என்ன சொல்லுவார் என்று கேட்டேன். கொஞ்ச நேரம் என் முகத்தையே பார்த்தார். பிறகு "யோ" என்றார். எங்கள் ஆசிரியர் எழுதினது அப்படியே.

இது பத்துவா இல்லை ஐயா, உங்கள் மொழிக்குப் பெயர் இருக்கிறது, பிக்கார், பாரிஸ் பிரெஞ்சுக்குக் கூடப்பிறந்தது என்று எனக்குத் தெரிந்த பிரெஞ்சில் சொன்னேன். பூனைக்கும் பசுவுக்கும் ஆங்கிலக்காரன் தோட்டத்துக்கும் கதை சொன்னேன். பின்னேரம் வேலை முடிந்து வெளிக்கிடும்போது கூப்பிட்டார். கோழி, பன்றி, கலப்பை, களஞ்சியம் என்று அப்பாவின் பண்ணையில் இருந்ததையெல்லாம் சொல்லத் தொடங்கினார். என் கொப்பியில் 31 சொல் ஏறியிருக்கிறது. நாளைக்கும் பேனாவோடு வா என்று சொல்லியிருக்கிறார்.